வெட்டியதும் ஒட்டியதும்

மண்டபத்துக்கும் உச்சிப்புளிக்கும் இடைப்பட்ட எங்கள் ஊருக்கு 1970களில் சினிமா இரண்டு வழியாக வந்தது. ஒன்று, பனங்காட்டை ஒட்டிய பொட்டலில் போட்டிருந்த டூரிங் டாக்கீஸ். மற்றொன்று, அந்தக் கொட்டகையின் ஆபரேட்டர் அறைக்குப் பின்னால் மணலில் கிடந்த பிலிம் துண்டுகள். முதலாவதற்குக் காசு வேண்டும். இரண்டாவதற்கு விடிகாலையில் எழுந்து ஓடும் கால்கள் இருந்தால் போதும்.

எங்கள் பக்கம் வரும் பிரதிகள் மதராஸில் ஓடி, மதுரையில் ஓடி, ராமநாதபுரம், பரமக்குடி என்று சுற்றிக் களைத்து வந்து சேருபவை. பாதிப் படத்தில் மழை பெய்வது போலக் கோடு விழும். துளைகள் கிழிந்து ரீல் எந்த நேரமும் அறுபடும். அறுந்ததும் கொட்டகை முழுக்க விசில் கிளம்பும். உள்ளே ஆபரேட்டர் கிழிந்த பகுதியைக் கத்தரித்து எறிந்துவிட்டு, இரண்டு நுனிகளையும் சுரண்டி, பிலிம் சிமெண்டு தடவி, விரலால் அழுத்தி ஒட்டுவார். படம் மறுபடி ஓடும்போது பேசிக்கொண்டிருந்த கதாநாயகி காணாமல் போயிருப்பாள். வில்லன் பாதி வாக்கியத்தில் வந்து நிற்பான். ஒரே புரொஜெக்டர் என்பதால் ரீலுக்கு ரீல் இடைவேளை வேறு. தரை டிக்கெட்டில் மணலைக் குவித்து உட்கார்ந்திருந்த எங்கள் தலைமுறைக்கு, படம் என்பது வெட்டி ஒட்டப்படும் பொருள் என்பது அங்கேயே தெரிந்துவிட்டது.

அப்படி வெட்டி எறியப்பட்ட துண்டுகள்தான் எங்கள் சொத்து. திருவிழாக் கடைகளிலும் சின்னப் பொட்டலமாகக் கட்டி விற்பார்கள். பள்ளிக்கூடத்தில் அதற்கென்று ஒரு சந்தையே நடந்தது. எம்.ஜி.ஆர். வாளோடு நிற்கும் துண்டு ஒன்றுக்கு வேறு துண்டு மூன்று தர வேண்டும். சிவாஜி அழும் முகம் என்றால் பேரம் இன்னும் கூடும். எழுத்து மட்டும் வரும் துண்டுக்கு மதிப்பே இல்லை. கடல் தெரியும் துண்டுக்கு எங்கள் ஊரில் தனி மரியாதை. ஒரு அடி பிலிமில் 16 பிரேம்கள் இருக்கும். விநாடிக்கு 24 பிரேம் ஓடும் கணக்கில் அது முக்கால் விநாடிகூட இல்லை. அந்த முக்கால் விநாடியை வைத்துக்கொண்டு நாங்கள் ஒரு மத்தியானம் முழுக்கப் படம் காட்டினோம்.

காட்டிய முறையைச் சொல்ல வேண்டும். ஃபியூஸ் போன குண்டு பல்பை எடுத்து, அடியிலுள்ள கறுப்புப் பூச்சை ஆணியால் மெல்லத் தட்டிப் பெயர்ப்போம். உள்ளே இழையைத் தாங்கும் கண்ணாடித் தண்டை உடைத்து, தூளை உதறிவிட்டு, பல்பு நிறையத் தண்ணீர் ஊற்றுவோம். லென்ஸ் தயார். அட்டைப் பெட்டியின் ஒரு பக்கம் ஓட்டை போட்டுப் பிலிமைச் செருகி, எதிர்ப்பக்கம் பல்பை வைப்போம். அறையை இருட்டாக்கி, சுவரில் அப்பாவின் வெள்ளை வேட்டியைக் கட்டுவோம். வெளியே வெயிலில் ஒருவன் முகம் பார்க்கும் கண்ணாடியைப் பிடித்து, கதவிடுக்கு வழியாக ஒளியைப் பெட்டிக்குள் பாய்ச்சுவான். தண்ணீர் லென்ஸ் உருவத்தைத் தலைகீழாக்கும் என்பதால் பிலிமையும் தலைகீழாகச் செருகுவோம். சூரியன் நகர நகர, கண்ணாடி பிடித்தவனும் நகர வேண்டும். அவனுக்குப் படம் பார்க்கும் பாக்கியம் கிடையாது. ஆளுக்கு ஆள் முறை மாற்றிக்கொள்வோம்.

கதை சொல்வது பெரியப்பா மகன் வேலை. கையிலிருப்பது பத்துப் படத்தின் துண்டுகள். ஒரு படத்தில் குதிரை ஏறியவரை அடுத்த துண்டில் இன்னொரு படத்தின் கடற்கரையில் இறக்கி, மூன்றாவது படத்தின் நாயகியோடு பேச வைப்பான். மூன்று படத்தையும் ஒன்றாக்குவது அவன் குரல். மறுநாள் அதே துண்டுகள் வேறு வரிசையில் வரும், கதையும் வேறாக இருக்கும். வில்லனாக இருந்தவர் அண்ணனாகிவிடுவார்.

உலகத்தின் இன்னொரு மூலையில் இதே காரியத்தை ஒருவர் எங்களுக்கு முப்பது நாற்பது ஆண்டுகளுக்கு முன்பே செய்திருந்தார் என்பதைப் பிற்காலத்தில்தான் படித்தேன். நியூயார்க்கில் ஜோசப் கார்னெல் என்ற கலைஞர், 'ஈஸ்ட் ஆஃப் போர்னியோ' என்ற 1931ஆம் ஆண்டு ஹாலிவுட் படத்தின் பழைய பிரதி ஒன்றை வாங்கினார். கதையையெல்லாம் கழித்துவிட்டு, ரோஸ் ஹோபார்ட் என்ற நடிகை வரும் காட்சிகளை முதன்மையாக வைத்து வெட்டி ஒட்டினார். சுமார் இருபது நிமிடம் தேறியது. ஒலியை நீக்கி, மௌனப்படத்தின் மெதுவான வேகத்தில், நீலக் கண்ணாடி வழியாகக் காட்டினார். பின்னணியில் வேறு இசைத்தட்டு ஓடியது. 1936இல் காட்டப்பட்ட அந்தப் படத்தின் பெயரே 'ரோஸ் ஹோபார்ட்'. பழைய படத்தை மறுபடி வெட்டிச் செய்யும் சோதனைக் குறும்படங்களின் வரலாற்றை எழுதுகிறவர்கள் இங்கிருந்துதான் பெரும்பாலும் தொடங்குகிறார்கள்.

பின்னால் வந்தவர்கள் இதைக் கடும் உழைப்பாக்கினார்கள். ஆஸ்திரியாவின் மார்ட்டின் ஆர்னல்ட் 1989இல், ஒரு 1954ஆம் ஆண்டுப் படத்திலிருந்து 18 விநாடிக் காட்சி ஒன்றை எடுத்தார். கணவன் கதவைத் திறந்து வருகிறான், மனைவி எழுகிறாள், அவ்வளவுதான் காட்சி. அதை முன்னும் பின்னும் பிரேம் பிரேமாக ஆட்டி ஆட்டிக் கால் மணி நேரத்துக்கு நீட்டினார். பார்க்கிறவருக்கு அந்த வீட்டுக்குள் மறைந்திருக்கும் அதட்டலும் பயமும் மெல்ல மெல்லத் தெரியவரும். அதே நாட்டின் பீட்டர் செர்காஸ்கி, 'தி என்டிட்டி' என்ற படத்தின் பிலிமை இருட்டறையில் வெற்றுப் பிலிமோடு ஒட்டிவைத்து, லேசர் ஒளியால் பிரேம் பிரேமாகப் பதிந்து 1999இல் 'அவுட்டர் ஸ்பேஸ்' செய்தார். துளைகளும் ஒலிப்பாதையும்கூட உடைந்து திரைக்குள் வந்து விழும் பத்து நிமிடப் படம் அது. பல்பும் கண்ணாடியும் வைத்துப் படம் காட்டிய கைகளுக்கு இவர்கள் அந்நியர்கள் அல்லர். பிலிமைத் தொட்டுப் பார்த்தவருக்குத்தான் பிலிமுக்குள் இன்னொரு பிலிம் தெரியும்.

எங்கள் மாவட்டத்துக்கும் இதில் பெரிய பங்கு இருக்கிறது. அன்றைய ராமநாதபுரம் மாவட்டத்தில் இருந்த, இன்று சிவகங்கை மாவட்டத்தைச் சேர்ந்த கோட்டையூர்க்காரர் ஏ.கே. செட்டியார். 1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போகும் கப்பலில், காந்தியைப் பற்றி ஒரு படம் எடுக்கும் எண்ணம் அவருக்கு வந்தது. காந்தியை வைத்துப் புதிதாக எடுப்பதைவிட, உலகமெங்கும் பலர் ஏற்கெனவே எடுத்து வைத்திருந்த பிலிமைத் தேடிச் சேர்ப்பதே அவர் திட்டம். முப்பது ஆண்டுகளில் நூறு படப்பிடிப்பாளர்கள் எடுத்த சுமார் 50,000 அடி பிலிமைக் கண்டம் கண்டமாக அலைந்து திரட்டினார். ஓட்டிப் பார்க்கவே ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஆகும் சரக்கு அது. அதிலிருந்து 12,000 அடியைத் தொகுத்து 1940இல் தமிழில் வெளியிட்டார். ரஷ்யாவில் எஸ்ஃபிர் ஷூப் என்ற பெண்மணி, ஜார் குடும்பத்தினர் தங்களுக்காக எடுத்து வைத்திருந்த படங்களையும் செய்திப்படங்களையும் தொகுத்து 1927இல் ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சியைப் படமாக்கினார். அந்த வரிசையில் நிற்க வேண்டியவர் நம் செட்டியார்.

அந்தத் தமிழ்ப் படம் நமக்கு மிஞ்சவில்லை. 1953இல் அமெரிக்காவில் உருவான ஆங்கில வடிவம்தான் கிடைத்தது. அதுவும் வரலாற்றாய்வாளர் ஆ.இரா. வேங்கடாசலபதி விடாமல் தேடியதால். உலகமெங்கும் அலைந்து பிறர் எடுத்ததைச் சேர்த்த மனிதரின் படத்தை, அவருடைய சொந்த மொழிக்காரர்கள் நாம் தொலைத்தோம். இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது.

தொலைத்ததன் பட்டியல் நீளமானது. நடராஜ முதலியார் எடுத்த முதல் தென்னிந்திய மௌனப்படம் 'கீசகவதம்' இல்லை. 1931இல் வந்த 'காளிதாஸ்' இல்லை. பிலிமிலிருந்து வெள்ளியைப் பிரித்தெடுக்கப் பிரதிகளைக் கரைத்தார்கள். வளையல் செய்ய விற்றார்கள். அந்தக் கால நைட்ரேட் பிலிம் தானே தீப்பிடிக்கும் குணமுள்ளது. பிறகு வந்த அசிடேட் பிலிம் எளிதில் தீப்பிடிக்காது. ஆனால் வெக்கையும் ஈரமும் சேர்ந்தால் புளித்த காடி வாசம் அடிக்கத் தொடங்கி, சுருங்கி, வளைந்து, கடைசியில் ஓட்டவே முடியாமல் போகும். உப்புக்காற்று அடிக்கும் எங்கள் கடற்கரையில் தகர டப்பாவே துருப்பிடித்து உதிரும். உள்ளே இருப்பதற்கு எத்தனை நாள் ஆயுள்? எங்கள் பக்கத்துக் கொட்டகை ஒன்று 1980களில் மூடப்பட்டபோது, கேட்பாரற்றுக் கிடந்த ரீல் பெட்டிகளை எடைக்குப் போட்டார்கள். பழைய இரும்பு விலை தகரத்துக்குக் கிடைத்தது. பிலிமுக்கு அதுவும் இல்லை.

1964 என்ற வருடத்தை இந்தக் கடற்கரை மறக்காது. அந்த வருடம் பிப்ரவரியில் புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கப்பட்டது. பி.கே. நாயர் என்ற மனிதர் தம் வாழ்நாளை அதற்குக் கொடுத்தார். நவம்பர் 3, தீபாவளியன்று மீனவர் கதையான 'படகோட்டி' வெளிவந்தது. அதே நாளில் சாவித்திரி நடித்த 'நவராத்திரி'யும் வந்தது. ஏழே வாரத்தில், டிசம்பர் 22 இரவு, புயல் தனுஷ்கோடியை அடித்துக்கொண்டு போனது. பாம்பனிலிருந்து வந்த பயணிகள் ரயில் நூற்றுக்கும் மேற்பட்டவர்களோடு கடலுக்குள் போனது. அந்தச் சமயத்தில் சாவித்திரியும் ஜெமினி கணேசனும் ராமேஸ்வரத்தில் இருந்தார்கள். அந்தக் கதையை எங்கள் அப்பத்தா சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தார். தனுஷ்கோடியில் ரயில் நிலையம், தபால் நிலையம், சர்ச், துறைமுக அலுவலகம், தலைமன்னாருக்குப் போகும் கப்பல் எல்லாம் இருந்தன. உயிரோடிருந்த அந்த ஊரை ஓடும் படமாகப் பார்க்க இந்தத் தலைமுறைக்கு ஆசை. காட்டுவதற்கு எங்கள் கையில் சில நிழற்படங்களும் இடிந்த சுவர்களும்தான் இருக்கின்றன.

அதற்குப் பிறகு காலம் வேகமாக ஓடியது. இலங்கையின் ரூபவாஹினியைப் பிடிக்க வீட்டுக்கு வீடு உயரமான ஆன்டெனா முளைத்தது. வீடியோ டெக் வாடகைக்கு வந்தது, சி.டி. வந்தது, கைபேசி வந்தது. பொட்டலில் கொட்டகை இருந்த இடம் தெரியவில்லை.

தம்பி மகள் மதுரையில் காட்சித் தொடர்பியல் படித்தாள். படிப்பின் கடைசியில் ஒரு சோதனைக் குறும்படம் செய்து கொண்டுவந்து வீட்டில் போட்டுக் காட்டினாள். கடலும் படகும் வரும் பழைய தமிழ்ப் படங்களிலிருந்து காட்சிகளை எடுத்திருந்தாள். வசனம் இல்லை, பாட்டு இல்லை. நாயகனும் நாயகியும் திரையில் இருக்கும் இடத்தைக் கறுப்பாக்கியிருந்தாள். பின்னால் இருக்கும் ஆட்கள் மட்டும் தெரிந்தார்கள். வலை இழுப்பவர்கள், கூடை தூக்குபவர்கள், வேடிக்கை பார்க்கும் பிள்ளைகள். அந்த முகங்களை நிறுத்தி, மெதுவாக்கி, பக்கத்தில் கொண்டுவந்திருந்தாள். அடியில் பாம்பன் ஏலக்கூடத்தின் இன்றைய இரைச்சலை ஓடவிட்டிருந்தாள். எட்டு நிமிடம்.

பார்த்துக்கொண்டிருந்த என் அத்தை, முகங்களை விட்டுவிட்டுப் படகைப் பார்த்தார். "ஏத்தா, நிறுத்து நிறுத்து. இது நம்ம பக்கத்து வள்ளமில்ல. அணியத்தப் பாரு, இப்புடி நம்ம ஆளுக கட்டமாட்டாக."

"அப்ப எந்த ஊரு, அப்பத்தா?" என்று கேட்டாள் தம்பி மகள்.

"மேற்கால ஊருதான். அந்தப் பொம்பள கூடையப் புடிக்கிற புடியப் பாத்தா அது மட்டும் நெசம். நடிக்க வந்தவ இல்ல. மீன் சுமந்தவ."

அந்தப் பெண்ணுக்குப் பெயர்ப் பட்டியலில் இடமில்லை. படம் வந்த காலத்தில் யாரும் அவளைப் பார்த்திருக்கவும் மாட்டார்கள். எல்லாக் கண்ணும் நாயகன் மேல் இருந்திருக்கும். அரை நூற்றாண்டுக்கு மேல் கழித்து, ஒரு மாணவி நாயகனை மறைத்ததால் அவள் வெளியே வந்தாள். சோதனைப் படம் என்றால் புரியாத படம் என்று நினைப்பவர்களுக்கு நான் சொல்லும் பதில் இந்த எட்டு நிமிடம்தான். என் அத்தைக்கு அது முழுக்கப் புரிந்தது.

அந்தப் பிள்ளையின் கையில் இருந்த காட்சிகளைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். எல்லாம் இணையத்திலிருந்து இறக்கியவை. மூலையில் ஏதோ ஒரு தொலைக்காட்சியின் முத்திரை. பழைய சதுரச் சட்டத்தை அகலத் திரைக்குப் பொருத்தியதில் தலைகள் வெட்டுப்பட்டிருந்தன. முகத்தைப் பக்கத்தில் கொண்டுவந்தால் கட்டம் கட்டமாக உடைந்தது. "பெரியப்பா, அந்தம்மா கண்ணு தெரியணும்னு எவ்வளவோ பார்த்தேன், வரல" என்றாள். நாங்கள் வெயிலில் தூக்கிப் பிடித்துப் பார்த்த ஒரு பிரேமில் கண் தெரியும், கண்ணிலிருக்கும் மையும் தெரியும். எங்களிடம் பிலிம் இருந்தது, கருவி இல்லை. அவளிடம் ஹாலிவுட்டுக்கு நிகரான கருவி இருக்கிறது, பிலிம் இல்லை. இரண்டும் ஒரே காலத்தில் ஒரே கையில் சேரவில்லை என்பதுதான் என் ஆற்றாமை.

சேர்ந்தால் என்னென்ன செய்யலாம் என்பதற்கு வெளியே முன்மாதிரிகள் உண்டு. தாம் ஆண்டர்சன் 2003இல், சினிமாக்கள் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரத்தை எப்படியெல்லாம் காட்டின என்பதை அந்த சினிமாக்களின் காட்சிகளைக் கொண்டே முழு நீளப் படமாக்கினார். கனடாவின் டாசன் நகரத்தில் 1978இல் மண்ணைத் தோண்டும்போது புதைந்துகிடந்த 533 ரீல்கள் கிடைத்தன. உறைபனி அவற்றைக் காத்திருந்தது. அவற்றை வைத்து பில் மோரிசன் 2016இல் அந்த ஊரின் வரலாற்றையே படமாக்கினார். நம் நாட்டில் மும்பையின் 'கேம்ப்' குழுவினர், கட்ச் வளைகுடாவிலிருந்து பாரசீக வளைகுடாவுக்குப் போகும் மாலுமிகள் தங்கள் கைபேசியில் எடுத்துப் பாட்டு ஒட்டிப் பரிமாறிக்கொண்ட வீடியோக்களைக் கொண்டு 2013இல் ஒரு படம் செய்தார்கள். எங்கள் விசைப்படகுப் பையன்களின் கைபேசிகளிலும் அப்படி ஒரு படம் தூங்குகிறது.

பாம்பனுக்கும் ஒரு படம் வேண்டும். 1914இல் திறந்த பாலத்தில் 2022 டிசம்பரோடு ரயில் நின்றது. 2025 ஏப்ரல் 6இல் புதிய பாலம் வந்துவிட்டது. பழைய தூக்குப் பாலத்தின் மேல் ரயில் ஊர்ந்து போவதை இனி சினிமாவில்தான் பார்க்க முடியும். பாட்டுக்கும் சண்டைக்கும் பின்னணியாக எடுத்த காட்சிகள் இன்று ஆவணமாகிவிட்டன. அவற்றை எல்லா மொழிப் படங்களிலிருந்தும் காலவரிசையில் எடுத்து அடுக்கினாலே ஒரு பாலத்தின் வாழ்க்கை வரலாறு கிடைத்துவிடும். இந்த மாவட்டத்துப் பிள்ளைகள்தான் அதைச் செய்ய வேண்டும்.

பழைய படங்களை எடுத்தாளப் பிள்ளைகள் சட்டத்துக்குப் பயப்படுகிறார்கள். பயத்தைவிட அறிவது நல்லது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டப்படி, ஒரு திரைப்படத்தின் உரிமை அது வெளியான ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள். 1964இல் வந்த படங்களுக்கு அது 2024 டிசம்பர் 31இல் முடிந்தது. பாட்டும் இசையும் தனிக் கணக்கு. எழுதியவர் காலமான பிறகும் 60 ஆண்டுகள் அந்த உரிமை தொடரும். ஆகவே 'படகோட்டி'யின் காட்சி வேறு, அதில் வரும் வாலியின் வரிகள் வேறு. இந்த வேறுபாட்டைத் தெரிந்துகொண்டு வேலை செய்யுங்கள். எந்தப் படம், எந்த ஆண்டு என்று உங்கள் படத்தின் முடிவில் எழுதுங்கள். இன்னொருவர் உழைப்பை எடுத்தாளும்போது பெயர் சொல்வது குறைந்தபட்ச மரியாதை.

உரிமை முடிந்துவிட்டால் படம் கிடைத்துவிடும் என்று பொருளில்லை. பிரதி இருக்க வேண்டும். 'கர்ணன்' நல்ல பிரதியாகச் சீரமைக்கப்பட்டு 2012இல் மறுபடி தியேட்டரில் ஓடியபோது, அது முதலில் வந்த காலத்தில் பிறந்தே இராத பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். அந்த அதிர்ஷ்டம் சின்னப் படங்களுக்கும் செய்திப்படங்களுக்கும் வாய்க்கவில்லை. அவற்றில்தான் நம் ஊரும் துறையும் கூட்டமும் அதிகம் இருக்கின்றன.

அதனால் படிக்கிறவர்களிடம் ஒரு வேண்டுகோள். ராமநாதபுரம், கீழக்கரை, தொண்டி, தேவிபட்டினம், ராமேஸ்வரம் பக்கம் கொட்டகை நடத்திய குடும்பங்கள், ஆபரேட்டராக வேலை பார்த்தவர்களின் பிள்ளைகள், சிங்கப்பூரிலிருந்தோ கொழும்பிலிருந்தோ எட்டு மில்லிமீட்டர் கேமரா கொண்டுவந்து கல்யாணம், கந்தூரி, தேரோட்டம் எடுத்து வைத்தவர்கள் நம்மிடையே இருக்கிறார்கள். பரணிலோ ட்ரங்குப் பெட்டியிலோ தகர டப்பா இருந்தால் எடைக்குப் போடாதீர்கள். காடி வாசம் வந்தால் அழியத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். வெயிலில் வைக்காதீர்கள், இழுத்துப் பிரிக்காதீர்கள். ஈரமில்லாத குளிர்ந்த இடத்தில் வைத்துவிட்டு, புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு எழுதுங்கள். பழைய பாட்டுப் புத்தகம், நோட்டீஸ் இருந்தால் சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தைக் கேளுங்கள். அந்த நூலகத்தின் மூலச் சேகரிப்பும் கோட்டையூர்க்காரர் ஒருவர் வீட்டில் சேர்த்ததுதான். வெட்டி ஒட்டப் பிள்ளைகள் தயாராக இருக்கிறார்கள். வாடைக்காற்றும் மழையும் தொடங்குவதற்கு முன் பரணில் இருப்பதை ஒரு தடவை இறக்கிப் பாருங்கள்.